திங்கட்கிழமை மட்டும் ஆன்லைன்

இறந்துபோன அஜய் திங்கட்கிழமை காலைகளில் மட்டும் ஆன்லைன் வந்தான்.

மற்ற நாள்களில் ஒழுங்காக இறந்தே இருந்தான். ஹவ்வாவுக்கு உறுத்தியது அதுதான். ஆவி என்றால் அமாவாசை, வெள்ளிக்கிழமை, உச்சிப்பொழுது என்று அதற்கென ஒரு நேரம் காலம் உண்டு. திங்கட்கிழமை காலையில், ஆபீசுக்குக் கிளம்புகிற நேரத்தில் வருகிற ஆவியை அவள் கேள்விப்பட்டதில்லை.

"ஞாயித்துக்கிழமை லீவு முடிஞ்சு டூட்டிக்கு வருதுங்க்கா," என்றான் முஸ்தபா. "கவர்மென்ட் பேயா இருக்கும்."

ஹவ்வா சிரிக்கவில்லை. இன்சூரன்ஸ் பணத்துக்காகச் செத்ததாய் நடிப்பவர்களைத் தேடிப்பிடிக்கிற வேலையைப் பாலக்காட்டில் பல வருடம் பார்த்துச் சலித்து, சொந்தமாகத் துப்பறியும் அலுவலகம் போட்டவள் அவள். முஸ்தபா அவளுடைய சித்தி மகன். கம்ப்யூட்டர் கடை வைத்து அதை மூடியவன், வாயை மட்டும் மூடத் தெரியாதவன்.

இருவரும் குமுளியில் பஸ்ஸை விட்டு இறங்கியபோது மூடுபனி கடைப் பலகைகளை விழுங்கிக்கொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை. தெரு முழுக்க ஏலக்காய் வாசனை. ஹவ்வாவுக்கு அந்த வாசனை பிடிக்கும். இன்று ஏனோ பிணத்தின் அருகில் வைத்த ஊதுபத்தி மாதிரி பட்டது.

அவர்களை அனுப்பிவைத்தவள் யோகப்பிரியா. பாலக்காட்டில் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை. அவள் அண்ணன் அஜய், குமுளிக்கு வருகிற டூரிஸ்ட்டுகளுக்கு ஜீப் ஓட்டியவன். போன மழைக்காலத்தில் வண்டிப்பெரியாறு பக்கம் அவன் ஜீப் ஆற்றில் விழுந்தது. ஜீப் கிடைத்தது. அவன் கிடைக்கவில்லை.

அண்ணனும் தங்கையும் கம்ப்யூட்டரில் கேம் விளையாடுகிறவர்கள். வாங்கிய கேம்களை அடுக்கி வைத்துத் திறந்துவிடுகிற மென்பொருளுக்கு லாஞ்சர் என்று பெயர். நண்பர் யாராவது உள்ளே வந்தால், பெயருக்குப் பக்கத்தில் ஒரு பச்சைப் பொட்டு எரியும். அஜய் போய்ச் சில மாதம் கழித்து, ஒரு திங்கட்கிழமை காலை, அவன் பெயருக்குப் பக்கத்தில் பச்சைப் பொட்டு எரிந்தது. கீழே ஒரு வரி: இப்போது லாரி கேம் விளையாடுகிறார்.

யோகப்பிரியா அம்மாவுக்குப் போன் செய்தாள். மகன் போனதிலிருந்து வெறும் டீயில் காலம் தள்ளிய அம்மா மாரித்தாய், அன்று ராத்திரிதான் சோறு தின்றாள். அதன் பிறகு ஒவ்வொரு திங்களும் மகள் போன் செய்வாள், அம்மா சாப்பிடுவாள். இப்போது வருகிற செவ்வாய்க்கிழமை முதல் வருடத் திதி. காரியத்தைச் செய்து முடிப்போம் என்கிறார் அப்பா. உயிரோடு இருக்கிறவனுக்கு எள்ளும் தண்ணீரும் இறைக்க விடமாட்டேன் என்கிறாள் அம்மா.

"அவன் இருந்தா கண்டுபிடிச்சுக் குடுங்கக்கா," என்றிருந்தாள் யோகப்பிரியா. "இல்லன்னா அத எங்கம்மாட்ட நீங்களே சொல்லிருங்க. என்னால ஆகாது. அவ மறுபடி பட்டினி கிடந்தா இந்தத் தடவ பிழைக்க மாட்டா."

முதலில் பார்க்க வேண்டியவன் டின்டு. அஜயின் கூட்டாளி. மிளகுக் கடைக்கு மேலே கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருந்தான். அஜய் பெயரைச் சொன்னதும் ஸ்குரூ டிரைவரைக் கீழே வைத்தான்.

"நான் அவன லிஸ்ட்ல இருந்தே எடுத்துட்டேன் சேச்சி. பேடியாயிட்டு, அவ்ளோ பயம். செத்தவன் பேருல பச்ச எரிஞ்சா ஆருக்குத்தான் மனசு தாங்கும்."

"பாஸ்வேர்டு யாருக்குங்க தெரியும்?"

"ஆருக்கும் தெரியாது. தெரியவும் வேணாம். வீட்டு மெஷின் நான் அசெம்பிள் பண்ணுனது. சுவிட்சப் போட்டா லாஞ்சர் தானே உள்ள போயிரும்."

முஸ்தபா ஹவ்வாவைப் பார்த்தான். பேய்க்கு ஒரு முகவரி கிடைத்துவிட்டது.

"அந்த மெஷின்ல விண்டோஸ் டிஸ்க் போக, கேமுக்குன்னு ஒரு பழைய ஹார்ட் டிஸ்க் கெடக்கு," என்றான் டின்டு. "டக், டக்னு அடிக்கும். சாகப் போற டிஸ்க்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேன். கேம் எல்லாம் அங்கங்க செதறிக் கெடந்துச்சு, ரெண்டு லாஞ்சர்ல வேற. எல்லாத்தையும் புதுசா ஒரே டிஸ்க்ல கொண்டுவந்து சேக்கணும்னு சொல்லிட்டே இருந்தான். அதுக்குள்ள ஆறு கொண்டுபோயிருச்சு."

"எப்பவும் திங்கக்கிழமைதானுங்களா?"

டின்டு யோசித்தான். "ஒரே ஒரு தடவ வெள்ளிக்கிழமை வந்துச்சு. வியாழக்கிழமை ஹர்த்தாலு, கட தொறக்கல. மறுநாள் வந்து சிஸ்டத்த ஆன் பண்றேன், பச்சயா இருக்கான். அன்னிக்குத்தான் அவன் பேர எடுத்தேன்."

படியிறங்கும்போது முஸ்தபா சொன்னான்: "ஹர்த்தாலன்னைக்கு ஊரே சும்மா இருந்துது. அன்னைக்கு வரல. மறுநா வருதுங்க. பேய்க்கு லீவு ஒரு நா லேட்டாத்தான் சாங்ஷன் ஆகும் போல."

ஹவ்வா நின்றுவிட்டாள். "என்ன சொன்ன?"

"வாய் தவறி வந்துருச்சுங்க்கா."

"தவறல. நட."

வண்டிப்பெரியாறைத் தாண்டி, தேயிலைக்கு நடுவே ஜீப் ஏறி, லயத்தின் முன்னால் இறங்கினார்கள். ஒரே கூரையின் கீழ் வரிசையாய் ஒட்டிக்கொண்ட எஸ்டேட் வீடுகள். பனி வாசல்வரை வந்து நின்றது. ஆள் வந்த சத்தம் கேட்டுப் பக்கத்து வீட்டுக் கதவு திறந்து, சட்டென்று மூடிக்கொண்டது.

"இங்க எல்லாரும் இப்படித்தான்," என்றாள் யோகப்பிரியா. திதிக்காக முந்தின நாளே வந்திருந்தாள். "திங்கக்கிழமையானா எங்க வீட்டுக்குள்ள இருந்து டக் டக்னு யாரோ கதவத் தட்டுற சத்தம் வருதாம். வெளிய இருந்து இல்ல, உள்ள இருந்து."

உள்ளே இரண்டே அறை. முன்னறை மூலையில் ஒரு மேசை, மேலே துண்டு போர்த்திய கம்ப்யூட்டர். பக்கத்தில் ஒரு தட்டும் தம்ளரும் கவிழ்த்து வைத்திருந்தன. அஜயுடையவை. கழுவித் துடைத்து, இன்றைக்கு வந்துவிடுவான் என்பதுபோல இருந்தன.

மாரித்தாய் அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்தாள். மெலிந்த முகம், விரல் நுனிகளில் தேயிலைக் கறை. "வாங்கம்மா, உக்காருங்க," என்று மட்டும் சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

முஸ்தபா துண்டை எடுத்தான். கம்ப்யூட்டர் பெட்டியின் முதுகில் ஒரு ஒயர், அதன் நுனியில் உள்ளங்கை அளவு புது ஹார்ட் டிஸ்க். அதன் நெற்றியில் சந்தனம். சந்தனத்தின் மேல் குங்குமம்.

"டிஸ்க்குக்குப் பொட்டு வச்சு இப்பத்தானுங்க்கா பாக்கறேன்," என்றான். "எலுமிச்சம்பழம் நசுக்குனாங்களான்னு தெரியல."

சுவிட்சைப் போட்டான்.

டக். கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. டக். டக்.

அடுக்களையில் பாத்திரச் சத்தம் நின்றது. யோகப்பிரியா சுவரோடு ஒட்டிக்கொண்டாள். பழைய டிஸ்க்தான் என்று தெரிந்தும் ஹவ்வாவின் கை மயிர் எழுந்து நின்றது. மூச்சு வாங்க முடியாமல் யாரோ உள்ளேயிருந்து விரல் முட்டியால் தட்டுவது போலத்தான் இருந்தது.

திரையில் லாஞ்சர் தானாகத் திறந்தது. அஜயின் பெயர், பக்கத்தில் பச்சைப் பொட்டு. கீழே அவன் வாங்கிய கேம்களின் பெயர்கள். ஒன்றைத் தவிர மற்றவையெல்லாம் மங்கிப் போயிருந்தன.

"மங்கிப் போயிருந்தா என்னடா அர்த்தம்?"

"இந்த வீட்ல அது இல்லைன்னு லாஞ்சர் நினைக்குது." முஸ்தபா புது டிஸ்க்கைத் திறந்தான். "ஆனா பாருங்க, எல்லாம் இங்க இருக்குது. யாரோ ஃபோல்டரை அப்படியே வெட்டி இங்க ஒட்டியிருக்காங்க. லாஞ்சருக்குள்ளேயே இடம் மாத்தற வழி இருக்குதுங்க. அதுல செஞ்சா பேரும் கூடவே வரும். இது ரேஷன் கார்டுல விலாசம் மாத்தாம மூட்டை முடிச்சைத் தூக்கிட்டுப் போன கணக்கு."

"எப்பெப்ப மாத்தியிருக்காங்க?"

"வாரத்துக்கு ஒண்ணு. எல்லாம் திங்கக்கிழமை. நடுவுல ஒரு வெள்ளிக்கிழமை." குரல் இறங்கியது. "பேய் வீடு காலி பண்ணுதுங்க்கா."

"முதல்ல என்ன கொண்டுவந்துச்சு?"

முஸ்தபா தேதிவாரியாக அடுக்கினான். கேம்களுக்கெல்லாம் முன்னால், காலி டிஸ்க்கில் முதன்முதலாக வந்திறங்கியது கேம் அல்ல. ஒரு போட்டோ. திறந்தான். எஸ்டேட் மாரியம்மன், வேப்பிலையும் எலுமிச்சை மாலையுமாகச் சிரித்தாள்.

ஹவ்வா நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். "புது வீட்டுக்குக் குடி போனா சாமி படத்தைத்தானே முதல்ல கொண்டு போவாங்க? அப்புறந்தானே சட்டி பானை?"

"ஆமா," என்றாள் யோகப்பிரியா. "சாமி படமும் உப்பும்."

"இது கம்ப்யூட்டர் தெரிஞ்சவங்க பண்ணுன வேலை இல்லைங்க. குடி போகத் தெரிஞ்சவங்க பண்ணுன வேலை."

முஸ்தபா அடுக்களைப் பக்கம் கண்ணைக் காட்டினான். ஹவ்வா தலையசைத்து, சத்தமாகவே கேட்டாள்: "ஏனுங்க, திங்கக்கிழமை காலையில வீட்ல யாரு இருப்பீங்க?"

மாரித்தாய் கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள். "ஆரு இருக்கா. நான் வெள்ளன மலைக்குப் போயிருவேன், கொழுந்து கிள்ள. சாயங்காலந்தான் வருவேன்."

"இன்னைக்கு ஞாயித்துக்கிழமைங்களே. உங்க வீட்டுக்காரரை எங்க காணோம்?"

"ஃபேக்டரிக்குப் போயிருக்காக. நேத்துக் கிள்ளுன கொழுந்து ராத்திரி பூரா வாடிக் கெடக்கும்ல. அத இன்னிக்குத்தான அரைக்கணும்."

"இன்னைக்கு யாரும் கிள்ளலைங்களே. அப்ப நாளைக்கு?"

"நாளைக்கு அரைக்கக் கொழுந்து ஏது. காலையில மிஷின் சும்மாதான் நிக்கும்." சொல்லிவிட்டு மாரித்தாய் ஹவ்வாவை ஒரு நொடி உற்றுப் பார்த்தாள். பிறகு அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாள்.

ஹவ்வா தாழ்ந்த குரலில் முஸ்தபாவிடம் சொன்னாள்: "ஹர்த்தாலன்னைக்கும் கொழுந்து கிள்ளல. அதனால மறுநாள் வெள்ளிக்கிழமை மிஷின் நின்னுது. ஊருக்கெல்லாம் லீவு முடிஞ்ச மறுநாள்தான் ஃபேக்டரிக்காரங்களுக்கு லீவு. ஒரு நா லேட்டா சாங்ஷன் ஆகற லீவு."

முஸ்தபாவின் முகத்தில் சிரிப்பு வந்து, பாதியில் நின்றது. யோகப்பிரியாவுக்கும் விளங்கிவிட்டது. "அப்பாவா?" என்றாள். "அப்பாதான அவன் செத்துட்டான் செத்துட்டான்னு சொல்லிக்கிட்டு இருக்காரு?"

நல்லதம்பி மத்தியானம் வந்தார். உடம்பெல்லாம் பச்சைத் தேயிலை மணம். வாசல் குழாயில் கை கழுவிக்கொண்டிருந்தவரிடம் ஹவ்வா போய் நின்றாள். மகளும் முஸ்தபாவும் பின்னால் வந்தார்கள்.

"நாளைக்கு எந்தக் கேமை மாத்தப் போறீங்க?"

அவர் கையிலிருந்து சோப்பு நழுவியது. குனிந்து எடுக்கவில்லை.

"லாரி ஒண்ணுதான் பாக்கி," என்றார் கடைசியில். "வீட்ல அவளுக்குத் தெரிய வேணாம் தாயி."

அவன் இருந்தபோது சொல்லிக்கொண்டே இருந்தானாம், இந்த டிஸ்க் செத்துரும்பா, எல்லாத்தையும் ஒண்ணாச் சேக்கணும் என்று. ஒரு திங்கட்கிழமை மனசு கேட்காமல் சுவிட்சைப் போட்டாராம். டக் டக் என்று அடித்ததும் அது போய்விடுமோ என்று பயந்து, மலைக்குக் கீழே கம்பம் டவுனுக்குப் போய்ப் புது டிஸ்க் வாங்கி, கடைக்காரனிடம் வெட்டி ஒட்டக் கற்றுக்கொண்டு வந்தாராம்.

"பச்சப் பொட்டு எரியும்னெல்லாம் எனக்குத் தெரியாது. மொத நாளு பொட்டியத் தொறந்தேன், அன்னிக்கு ராத்திரி இவ ரெண்டு தடவ சோறு வாங்கித் திங்கா. என்னன்னு கேட்டா, அஜய் வந்துட்டானாம், பிரியா போன் பண்ணுச்சாம். நான் என்னன்னு சொல்ல. அடுத்த திங்கக்கிழமையும் தொறந்தேன். அவ சாப்புடணும்ல."

"லாரி கேம் ஓட்டுவீங்களாப்பா?" யோகப்பிரியாவின் குரல் உடைந்தது.

"எனக்கு எங்க ஓட்டத் தெரியும். அவன் நிறுத்தி வச்ச எடத்துல நிக்கும். ஒரு பட்டன அமுக்குனா இஞ்சின் ஓடும். அந்தச் சத்தத்தக் கேட்டுக்கிட்டு உக்காந்திருப்பேன். பேசுவேன்."

"அப்புறம் ஏனுங்க காரியம் செய்யணும்னு நிக்கறீங்க?" என்றாள் ஹவ்வா.

"வருசம் ஓடிப்போச்சு. பிள்ளையக் கரையேத்த வேணாமா. ஒடம்பு கெடைக்கல, எரிக்கவும் இல்ல. எல்லாத்தையும் புது டிஸ்க்குக்கு மாத்திட்டு, அந்தத் தட்டிக்கிட்டுக் கெடக்குற பழச ஆத்துல விட்டுருவோம்னு நெனச்சேன். அவன் அஸ்தி மாதிரி."

"விடுங்க, நல்லாத்தான் நெனச்சிருக்கீக," என்றது ஒரு குரல்.

மாரித்தாய் வாசலில் நின்றாள். எவ்வளவு நேரமாக நிற்கிறாள் என்று யாருக்கும் தெரியவில்லை. நல்லதம்பி அடிபட்டவர் போல மனைவியைப் பார்த்தார்.

"அவ ஒண்ணும் தெரியாதவன்னு நெனைக்காதீக," என்றாள் அவள் ஹவ்வாவிடம், தன்னைப் பற்றியே. "ஒரு திங்கக்கிழமை மழைக்குப் போடுற பிளாஸ்டிக் காயிதத்த மறந்துட்டுப் போயிட்டேன். பாதி வழியில திரும்பி வந்தா, ஜன்னல் வழியாத் தெரியுது. இவுக அந்தப் பொட்டி முன்னால உக்காந்து பேசிக்கிட்டு இருக்காக, சாப்பிட்டியாடான்னு. ஆத்தோரம் அவன் ஜீப்பத் தூக்குன அன்னிக்குக்கூட இந்த மனுசன் கண்ணுல தண்ணி வரல. அன்னிக்கு அழுதாக. நான் காயிதத்த எடுக்காமலே நனைஞ்சுக்கிட்டு மலைக்குப் போயிட்டேன்."

முஸ்தபாவின் வாய்கூட மூடியிருந்தது. அவனை அறிந்தவர்களுக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று தெரியும்.

"தெரிஞ்சுக்கிட்டேவா அவன் உயிரோட இருக்கான்னு சொன்ன?" யோகப்பிரியா கேட்டாள்.

"காரியம் முடிஞ்சா செத்தவுக சாமானெல்லாம் வீட்ட விட்டுப் போயிரணும். துணிமணிய எடுத்துக் குடுத்துருவாக. இந்தப் பொட்டியும் போயிரும். அப்புறம் உங்கப்பா எங்க போயி அழுவாரு?" அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். "நான் சாப்பிட்டாத்தான் அவருஞ் சாப்புடுறாரு. அதான் சாப்பிட்டேன்."

அவள் வயிற்றுக்காக அவர் பச்சைப் பொட்டை எரியவிட்டார். அவர் அழுகைக்காக அவள் அதை நம்புவதாய் நடித்தாள். தொழிலில் எத்தனையோ ஏமாற்றுக்காரர்களைப் பிடித்த ஹவ்வா, இந்த இருவரைப் பிடித்ததற்காக வெட்கப்பட்டாள்.

முஸ்தபா தொண்டையைச் செருமினான். "அண்ணாச்சி, அந்தப் பழைய டிஸ்க்கை மட்டும் ஆத்துல விட்டுராதீங்க. லாரி கேமை மாத்திரலாம். ஆனா அவர் லாரியை எங்க நிறுத்திட்டுப் போனாருங்கறது அந்தக் கேம் ஃபோல்டர்ல இல்லைங்க. இப்பத்தான் பார்த்தேன். அது தனியா வேற ஒரு ஃபோல்டர்ல, பழைய டிஸ்க்குலயே இருக்குது. அதை விட்டுட்டா புது டிஸ்க்ல லாரி முதல்ல இருந்து கிளம்பும். அவர் ஓட்டுன லாரியா இருக்காது."

நல்லதம்பி வாசல் வழியே உள்ளே மேசையைப் பார்த்தார். "எல்லாத்தையும் கொண்டுவந்தேனே," என்றார். "அப்ப அவன் இன்னும் பழைய வீட்லயேதான் இருக்கானா?"

கேள்வி முஸ்தபாவிடம்தான். அவன் மாரித்தாயைப் பார்த்தான்.

"கூட்டிட்டு வாங்க," என்றாள் அவள். "அவனக் கூட்டிட்டு வந்துட்டு, அப்புறமா அந்தக் கதவச் சாத்துங்க."

எல்லோரும் மேசையைச் சுற்றி நின்றார்கள். சிறிய ஃபோல்டர்தான். ஆனால் டிஸ்க் தட்டியது, நின்றது, மறுபடி தட்டியது. திரையில் பச்சைக் கோடு பாதியில் உறைந்தது. நல்லதம்பி பெட்டியின் மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டார், காய்ச்சல்காரப் பிள்ளையைத் தொடுவது போல. "வாடா," என்றார். கோடு நகர்ந்தது. முடிந்தது. பிறகு, லாரி கேமை லாஞ்சருக்குச் சொல்லி முறைப்படி இடம் மாற்றினான் முஸ்தபா. அது வந்து சேர்ந்த கொஞ்ச நேரத்தில் பழைய டிஸ்க் ஒரு தடவை பலமாகத் தட்டியது. அப்புறம் தட்டவே இல்லை.

அந்த அமைதியைத் தாங்க முடியாமல் யோகப்பிரியா அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

கேம் திறந்தது. மலைப்பாதை. மழை. வளைவில் ஓரமாய் ஒதுக்கி நிறுத்திய லாரி, முன்விளக்கு எரிந்துகொண்டிருந்தது. ஓட்டுநர் இருக்கையில் ஆளில்லை.

மாரித்தாய் அதை முதல்முறையாகப் பார்த்தாள்.

"லைட்ட அணைக்காமலே எறங்கிப் போயிருக்கான்," என்றாள். "வீட்லயும் இப்படித்தான். ஒரு நாளாவது அணைச்சிருக்கானா."

"அணைக்கட்டுமா?" என்று கேட்டார் நல்லதம்பி.

"வேணாம். எரியட்டும்." அவள் கவிழ்த்து வைத்திருந்த தட்டையும் தம்ளரையும் எடுத்துக்கொண்டாள். "செவ்வாக்கிழமை எள்ளுந்தண்ணியும் எறைச்சிருங்க. ஊர் கேட்டா, பொட்டி பிரியாவோடதுன்னு சொல்லிக்கிருவோம். நாளைக்குத் திங்கக்கிழமை. நான் மலைக்குப் போயிருவேன். நீங்க உங்க பிள்ளையோட பேசிக்கிட்டு இருங்க."

மறுநாள் காலை, குமுளியிலிருந்து மலையிறங்குகிற பஸ்ஸில் ஹவ்வாவின் போன் அடித்தது. டின்டு.

"சேச்சி, மனசு கேக்காம அவன மறுபடி லிஸ்ட்ல சேத்தேன். இப்ப பச்சயா எரியுது." மூச்சு வாங்கியது. "ஆரு சேச்சி அது? கண்டுபிடிச்சீங்களா?"

முஸ்தபா அவள் முகத்தையே பார்த்தான். செத்தவர்கள் விஷயத்தில் ஹவ்வா இதுவரை ஒரு பொய்கூடச் சொன்னதில்லை.

"அஜய்தானுங்க தம்பி," என்றாள் ஹவ்வா. "லைட்டை அணைக்காம போயிட்டாராம்."